ஆரம்பாக்கத்துக் கதவில் போட்ட பெருக்கல் குறி

தேசப்பன் போய்விட்டார். காலையில் அவர் மகள் போன் செய்து சொன்னாள். ஆரம்பாக்கத்தில், தூக்கத்திலேயே...

ஐம்பதுகளில் மலேரியா ஒழிப்பு வேலையில் நாங்கள் இருவரும் ஒரே பம்ப்புக்கு ஆட்கள். நான் பம்ப் அடிப்பேன், அவர் சுவரில் டிடிடி மருந்து தெளிப்பார். என்னைவிட மூன்று வயது மூத்தவர்.

நான் பள்ளிக்கூடம் போனதில்லை. மருந்து டிரம்மில் இருந்த எழுத்தைப் பார்த்துத்தான் இங்கிலீஷ் கற்றேன். அதைச் சொல்லித் தேசப்பன் சிரிப்பார்.

"கொசுவ வுடுப்பா, மூட்டப்பூச்சி சாவுமா?" என்றுதான் பெண்கள் கேட்பார்கள். "மாமியாரத் தவிர எல்லாம் சாவும்மா" என்பார். கதவு திறந்துவிடும்.

மருந்து அடித்து முடித்த வீட்டுக் கதவில் காவிக்கட்டியால் வட்டம் போடுவோம். பாக்கி இருந்தால் பெருக்கல் குறி. மறுபடியும் வர வேண்டும் என்று அர்த்தம்.

ஒரு பொங்கலுக்கு முன்னால், ஆரம்பாக்கத்தில் ஒரு வீடு. அன்றுதான் வெள்ளையடித்து முடித்திருந்தார்கள். "நல்ல நாளும் அதுவுமா செவுத்தக் கெடுக்காதீங்கப்பா" என்று அந்த அம்மா அழுதுவிட்டார். உள்ளே ஒரு குழந்தை காய்ச்சலில் நடுங்கிக்கொண்டு கிடந்தது.

தேசப்பன் மாட்டுக்கொட்டகையில் மட்டும் அடித்துவிட்டு, கதவில் வட்டம் போட்டார்.

"இன்னாண்ணா இது? ஊட்டுக்குள்ள அடிக்கவே இல்லியே?"

"பொங்கல் போவட்டும்டா. நானே வந்து அடிச்சிட்டுப் போறேன்."

நான் எச்சில் தொட்டு வட்டத்தை அழித்துவிட்டுப் பெருக்கல் போட்டேன்.

மறுநாள் இன்ஸ்பெக்டர் வந்தார், பெருக்கலுக்கு அடியில் அழிந்த வட்டத்தைப் பார்த்துவிட்டார். உள்ளே மருந்து அடிக்கச் சட்டி பானையெல்லாம் தெருவுக்கு வந்தது. தேசப்பனைப் பெரியபாளையம் பக்கம் மாற்றிவிட்டார்கள். போகும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

நான் செய்தது சரி. இன்றைக்கும் அதையேதான் சொல்வேன். கொசு நல்ல நாள் பார்க்காது.

பல வருஷம் கழித்து, கும்மிடிப்பூண்டியில் ஏறிய பஸ்ஸில் அவர் இருந்தார். பக்கத்து சீட்டில் இருந்த பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "குந்துடா" என்றார்.

நான் உட்காரவில்லை. ஆரம்பாக்கம் வரை கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே போனேன். அவரும் அந்த சீட்டில் வேறு யாரையும் உட்காரவிடவில்லை...

இன்று போய்ச் சேர்வதற்குள் எடுத்துவிட்டார்கள். மகள் வீட்டைக் கழுவிவிட்டுக்கொண்டிருந்தாள். "பஸ்ல நீங்க குந்தாதத சொல்லிச் சொல்லிச் சிரிப்பாரு" என்றாள்.

அவள் உள்ளே போனதும் ஒரு செங்கல் துண்டை எடுத்தேன். கதவின் அடியில், யார் கண்ணிலும் படாத இடத்தில், சின்னதாக ஒரு பெருக்கல் போட்டேன்.

பாக்கி இருக்குண்ணா...