பிள்ளைப் பங்கு

சாக்கின் வாயைக் கொஞ்சமாகத் திறந்து, தலையை உள்ளே விட்டு, மூச்சை ஓர் இழுப்பு இழுத்துவிட்டு நூஹு ராவுத்தர் கண்ணை மூடிக்கொள்கிறார். சுற்றி நிற்கும் பெண்கள் பேச்சை நிறுத்திவிடுகிறார்கள். சம்பள ஞாயிறு, மூணாறு சந்தை, பனி இன்னும் விலகவில்லை. உள்ளே போன தலை வெளியே வந்து 'ம்' என்று ஒரு சத்தம் போட்டால்தான் வியாபாரம் தொடங்கும். போடாவிட்டால் அந்தச் சாக்கை மறுபடி கட்டி ஓரமாகத் தள்ளிவிடுவார். காரணம் கேட்டால், "எனக்கே புடிக்கலீங்க, உங்குளுக்கு எப்படிப் போடறது?" என்பார்.

விற்பது கருவாடு. நெத்திலி, சாளை, வாளை, மடவை, எல்லாவற்றுக்கும் மேலாகக் கூனி. கூனி என்பது அரிசிமணி அளவுள்ள பொடி இறாலைக் காயவைத்தது. வரமிளகாயோடு வறுத்து இடித்துக் கொண்டுபோனால், தேயிலைக் காட்டில் மத்தியானம் விறைத்துப்போன சோறும் தானாக இறங்கும். எஸ்டேட் டிஸ்பென்சரியில் கம்பவுண்டராக இருக்கும் நானும் அதற்கு அடிமைதான். மருந்து வாடையில் நாள் முழுக்க நிற்பவனுக்கு வேறு என்ன சுகம் இருக்கிறது?

ராவுத்தருக்கு வயது ஐம்பத்தைந்து இருக்கும். ஒல்லி உடம்பு, பச்சை பெல்ட், காதை மூடிக் கட்டிய மப்ளர். எவ்வளவு குளிர் அடித்தாலும் மூக்கை மட்டும் மூடமாட்டார், தொழில் ஆயுதம். வீடு பாலக்காட்டுக்குக் கிழக்கே புதுநகரத்தில். மாதத்தில் பாதி நாள் இங்கே ஒரு டீக்கடையின் பின்னறையில் வாசம். மனைவி கைருன்னிசா பீவி கருவாட்டைத் தொடமாட்டாராம். "ஊட்டுக்குப் போனா சலாம் சொல்றதுக்கு முந்தி கெணத்தடிக்குத்தானுங்க தொரத்துவா" என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார்.

அவருடைய சாக்கில் வேறு யார் கையும் படக்கூடாது. ஈரக்கை பட்டால் சரக்கு போச்சு என்பது அவர் சட்டம். ஒருமுறை எஸ்டேட் துரையின் சமையல்காரர் ருசி பார்க்கக் கையை நீட்டி, புறங்கையில் சுளீரென்று ஒரு தட்டு வாங்கிக்கொண்டு போனார். தேவையே இல்லாமல் ஒவ்வொரு சாக்குக்கும் மூன்று சுற்றுப் புதுக் கயிறு கட்டியிருப்பார். உட்கார்ந்திருப்பது முக்காலியில் அல்ல, மூடியைத் தார் பூசி அடைத்த ஓர் இரும்பு டிரம்மின் மேல். கயிறும் டிரம்மும் போன வருஷம்தான் வந்தன.

அவருக்கு இன்னொரு வழக்கம் உண்டு. மசக்கையாக இருக்கும் பெண் வந்தால், நிறுத்தது போக ஒரு கை கூனியை அள்ளித் தனியாகத் தேக்கிலையில் பொட்டலம் கட்டித் தருவார். அதற்குப் பெயர் பிள்ளைப் பங்கு. யாரும் சொல்ல வேண்டியதில்லை. போன மாதம் வரை நின்று பேரம் பேசியவள் இந்த மாதம் சாக்கைக் கண்டு முகத்தைத் திருப்பினாலும் சரி, சாக்குக்குள்ளேயே விழுவதுபோல் குனிந்தாலும் சரி, கண்டுபிடித்துவிடுவார். "மசக்கை எனக்குத்தானுங்க மொதல்ல தெரியும். அப்புறந்தான் புருசனுக்கு."

போன வருஷம் அப்படித்தான் முத்துப்பேச்சியைக் கண்டுபிடித்தார். கொழுந்து பறிப்பவள், கல்யாணமாகி எட்டு வருஷம் குழந்தை இல்லாதவள். அவளுக்குக் கூனி என்றால் உயிர். சாக்கருகே வந்து கண் பளபளக்க நின்றவளுக்கு ராவுத்தர் ஒரு கை அல்ல, இரண்டு கை அள்ளிப் போட்டார். மறு மாதமும் போட்டார். அதற்கடுத்த மாதமும் போட்டார்.

ஆனி மாதத்தில் ஒரு நாள் டிஸ்பென்சரிக்கு வந்தார். வியாதி ஒன்றுமில்லை. பெஞ்சில் உட்கார்ந்து மப்ளரை அவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டு, "ஏனுங்க கம்பவுண்டரே, பாதரசம் எப்படி மணக்கும்?" என்று கேட்டார்.

விஷயம் இதுதான். கொச்சிக்கு வடக்கே ஆறு காயலில் விழும் இடத்தில் ஒரு தோணிக்காரரிடம் இருபது வருஷமாகக் கூனி வாங்குகிறார். இந்த முறை போனபோது தண்ணீர் துருப்பிடித்த நிறத்தில் இருந்ததாம். கரையோரம் நுரை. சில நாள் விடியும்போது மடவை வயிற்றைக் காட்டிக்கொண்டு மிதக்கிறதாம். வலை இழுப்பவர்களுக்குக் கையெல்லாம் அரிப்பு. அங்கே கால்சட்டை போட்ட சிலர் வள்ளத்தில் வந்து அடிச்சேற்றைப் பாட்டிலில் எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஆலைத் தண்ணீரில் பாதரசம் வருகிறதா என்று பார்க்கிறோம், முடிவு வர நாளாகும் என்றார்களாம்.

"நான் சாக்குக்குள்ள தலைய உட்டுப் பாத்தேனுங்க. கூனி பழைய மாதிரியே மணக்குது. டீக்கடைப் பூனைக்குப் போட்டும் பாத்தேன். தின்னுட்டு நல்லாத் தூங்குச்சு."

உடைந்த தெர்மாமீட்டர்களிலிருந்து சேர்த்த பாதரசம் ஒரு பென்சிலின் குப்பியில் என்னிடம் இருந்தது. எடுத்துக் காட்டினேன். மூடியைத் திறக்கச் சொல்லி மூக்கை நீட்டினார். கண்ணை மூடினார். நான் 'ம்' சத்தத்துக்குக் காத்திருந்தேன்.

"ஒரு வாசமும் இல்லீங்களே" என்றார். அவமானப்பட்ட குரல். முப்பது வருஷம் சோறு போட்ட மூக்கு முதல்முறையாகக் கைவிட்டிருந்தது.

இது வேறு உருவம், மீனுக்குள் போவது வேறு உருவம், அதுவும் மணக்காது, பூனைக்கும் ஒரே நாளில் தெரியாது என்று விளக்கினேன். அவர் கேட்க வந்தது அது இல்லை.

"வவுத்துப் புள்ளைக்கு?"

ஜப்பானில் ஒரு கடலோர ஊரில் நடந்ததைப் பத்திரிகையில் படித்திருந்தேன். தாய் நன்றாக இருந்தாலும் குழந்தையைப் பாதிக்குமாம், கை காலில் வலு இருக்காதாம் என்று படித்ததை அப்படியே ஒப்பித்தேன். வாயை மூடிக்கொண்டிருக்கலாம். ராவுத்தர் தன் வலது உள்ளங்கையை மலர்த்திப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"மூணு மாசமா நாந்தானுங்க அள்ளிப் போட்டேன். என்ற கையால."

அடுத்த சம்பள ஞாயிறு கூனிச் சாக்கு வரவில்லை. பெண்கள் சண்டைக்கு வந்தார்கள். ராவுத்தர் எதையும் மறைக்கவில்லை. காயலில் ஆலைத் தண்ணீர் கலக்கிறது, மூக்குக்குத் தெரியாத விஷம் இருந்தாலும் இருக்கலாம் என்று எல்லோர் காதிலும் விழச் சொன்னார். கொழுந்து பறிக்கும் மூக்கம்மாள் லேசில் விடுகிற ஆள் இல்லை. "மூக்குக்கே தெரியாததை நீரு எப்படிக் கண்டீரு ராவுத்தரே?" என்று கேட்டாள். நியாயமான கேள்விதான்.

முத்துப்பேச்சிக்கு அழுகையே வந்துவிட்டது. "வாயும் வயிறுமா நிக்கேன், எனக்கு மட்டுமாவது ஒரு கை தரக்கூடாதா?"

"ஒனக்கு மட்டும் தரவே மாட்டேன் அம்முணி. வேற கடையிலயும் வாங்காத. ஒன்னைய நான் கெஞ்சிக் கேக்கறேன்" என்று ஒரு பேரீச்சம்பழப் பொட்டலத்தை அவள் கையில் திணித்தார். அவள் வெடுக்கென்று வாங்கிக்கொண்டு போனாள். ஆனால் வேறு கடைக்குப் போகவில்லை.

மிச்சமிருந்த கூனியை என்ன செய்வதென்று ஒரு வாரம் மண்டையை உடைத்துக்கொண்டார். சாந்தன்பாறைப் பக்கம் ஏலத்தோட்டத்துக்கு உரமாகக் கேட்டார்கள். சரி என்று சொல்லிவிட்டு, மறுநாள் ஓடிப்போய் வேண்டாம் என்றார். "இங்க பேயற மழையெல்லாம் பெரியாத்தோட அந்தக் காயலுக்குத்தானுங்களே போவுது? அங்கருந்து வந்ததை மறுக்கா நாமளே அனுப்பறதா?" என்று என்னிடம் கேட்டார். கடைசியில் டிரம்மில் போட்டு அடைத்து, அதன் மேலேயே உட்கார்ந்துவிட்டார். இதை என்ன செய்வது என்று விவரம் தெரிந்தவர் யாராவது ஒரு நாள் சொல்லுவார்களாம். அதுவரை குந்துவதற்கு ஆயிற்று.

கயிற்றின் கதையும் இதோடு சேர்ந்ததுதான். தோணிக்காரரிடம் இனிச் சரக்கு வேண்டாம் என்று சொல்லப் போனவர் அவர் வீட்டில் டீ குடித்துவிட்டு, அந்த வீட்டுப் பெண்கள் திரித்த தேங்காய்நார்க் கயிற்றில் நாலு கட்டு வாங்கிக்கொண்டு வந்தார். மாதாமாதம் வாங்குகிறார். "அவன் ஊட்டுல இன்னும் அதே மீன்தானுங்க கொழம்பு. அவன் எங்க போவான்?" என்றபடி சாக்கில் கயிற்றை இன்னொரு சுற்றுச் சுற்றினார்.

இப்போது கூனி தூத்துக்குடியிலிருந்து போடி வழியாக மலையேறி வருகிறது. மணல் கொஞ்சம் கூடுதல். மூக்கம்மாள் ஒவ்வொரு முறையும் அதைச் சொல்லிக்காட்டிவிட்டுத்தான் வாங்குகிறாள். ராவுத்தர் சிரித்துக்கொண்டே நிறுக்கிறார். தலையை விடுகிறார், 'ம்' என்கிறார், பெண்களைக் கிண்டல் செய்கிறார். பார்ப்பவர்களுக்குக் கவலையே இல்லாத மனிதர். ஆனால் ஐப்பசி வரை வாரந்தவறாமல் என்னிடம் வந்து, "அம்முணிக்கு உள்ள அசைவு இருக்குதுங்களா?" என்று கேட்டது எனக்குத்தான் தெரியும்.

சுகப்பிரசவம். பெண் குழந்தை. லயத்து வீடுகளுக்கெல்லாம் கேட்கும்படி அழுதது. ஓடிப்போய்ச் சொன்னேன். சந்தோஷம்தான், ஆனாலும் அவருக்குப் போதவில்லை. "கை புடிக்குதுங்களா?" என்றார். அதை நான் பார்க்கவில்லை.

போன சம்பள ஞாயிறு முத்துப்பேச்சி குழந்தையைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு சந்தைக்கு வந்தாள். மூன்று மாதக் குழந்தை. டிரம்மின் முன்னால் வந்து நின்று, "இந்தாரும் ராவுத்தரே, ஒம்ம பேரீச்சம்பழத்துல வளந்த புள்ள" என்றாள். கடையில் நல்ல கூட்டம். தராசு அவர் கையில் இருந்தது. அதைக் கீழே வைத்துவிட்டு எழுந்து, டீக்கடைக் குழாயில் சோப்புப் போட்டு இரண்டு முறை கையைக் கழுவிக்கொண்டு வந்தார். குனிந்தார். எங்கே வழக்கம்போல் மோந்து பார்க்கப் போகிறாரோ என்று எல்லோரும் சிரித்தார்கள். மூக்கை நீட்டவில்லை. இடது கைச் சுண்டுவிரலை நீட்டினார்.

குழந்தை அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டது. ராவுத்தர் மெதுவாக ஒருமுறை இழுத்துப் பார்த்தார். விடவில்லை. கொஞ்சம் பலமாக இழுத்தார். அதற்கும் விடவில்லை.

"என்ன ராவுத்தரே, கூனி போடுவீரா மாட்டீரா? நேரமாகுது" என்றாள் மூக்கம்மாள்.

அவர் திரும்பவில்லை. விரலை அங்கேயே விட்டுவிட்டு, வலது காலால் கூனிச் சாக்கை மூக்கம்மாள் பக்கம் தள்ளி, "நீயே அள்ளிக்க அம்முணி" என்றார்.