ரிஜெக்ட் துணி

கத்திரிக்காயைக் கையில் எடுத்தால் வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றிப் பார்ப்பாள் பரிபூரணத்தக்கா. "ரிஜெக்ட்" என்று கூடையில் திரும்பப் போடுவாள். ராஜபாளையம் மார்க்கெட்டில் யாரும் கோபித்துக்கொள்வதில்லை. தங்கை மகளைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையையும் வாசல் வெயிலில் நிறுத்திப் பார்த்துவிட்டுத்தான், "பாஸ்" என்றாள்.

இருபத்திரண்டு வருஷப் பழக்கம். ஸ்ரீவில்லிபுத்தூர் ரோட்டில் அப்போது மிலிட்டரி டிப்போ இருந்தது. சுற்றுவட்டாரத் தறிகளில் நெய்த பேண்டேஜ் துணி அங்கே சோதனையாகி, ரயிலேறி வடக்கே போகும். எல்லையில் சண்டை நடந்த எழுபத்தொன்றில் மூன்று ஷிப்ட் ஓடியது. இழை விலகிய துணியைக் கழித்துப் போடுவது அக்காவின் வேலை. "காயம்பட்ட பிள்ளைக்குக் கட்டுதது. கண்ணு அசரப்படாது" என்பாள்.

எண்பத்தேழில் டிப்போவை மூடினார்கள். முப்பது பெண்களுக்கு வேலை போனது. நல்ல சரக்கெல்லாம் லாரியில் போய்விட, அக்கா கழித்துப்போட்ட துணிப் பேல்கள் மட்டும் மூலையில் கிடந்தன. அவற்றை ஏலம் விட்டார்கள்.

வந்த வியாபாரி ஒருவர்தான், ஸ்ரீவில்லிபுத்தூர் அல்லா பிச்சை. மில்லுக்கு மெஷின் துடைக்க விற்கலாம் என்று வந்திருந்தார். எதிரே அக்கா, கழற்றிய கம்மலைக் கைக்குள் பொத்தியபடி நின்றாள். பின்னால் அந்த முப்பது பேர்.

"இத வச்சு என்ன செய்யப் போறீய?" என்றார் அவர்.

"பச்சப் பிள்ளைக்குத் துணி தைப்போம் பாய். இழை வெலகுனா காயத்துக்குத்தான் ஆகாது. பிள்ளைக்குக் காத்தோட்டமா இருக்கும்லா. இதுவும் போச்சுன்னா நாளைக்கு நாங்க எங்க போய் உக்கார?"

அக்கா ஒரு விலை சொன்னாள். அதிகாரி மூன்று தரம் கூவினார். அல்லா பிச்சை இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு கூரையைப் பார்த்தார். பேல்களும் அவர் லாரியிலேயே அக்கா வீட்டுக்கு வந்தன. லாரி வாடகை எவ்வளவு என்று அக்கா கேட்டதற்கு, "மக முழுகாம இருக்கா. பத்துத் துணி தாங்க, அம்புட்டுதான்" என்றார்.

இது தொண்ணூற்று மூன்று. பிளவக்கல் அணை வரைக்கும் குழந்தைகள் அக்காவின் துணியில்தான் புரளுகின்றன. பழைய பேல்கள் என்றோ தீர்ந்துவிட்டன. இப்போது தறிக்காரர் சீனிச்சாமியிடம் போய், "இழைய செத்த வெலக்கி நெய்யும்" என்று சொல்லி வாங்குகிறாள். "ஒங்களுக்குப் பயந்து நெருக்கி நெருக்கிப் பழகுன கை, இப்ப வெலகமாட்டேங்குதே" என்று அவர் அலுத்துக்கொள்கிறார்.

துவைத்த துணி காய, காலியாகக் கிடக்கும் டிப்போ மைதானத்தை அக்காவும் அந்தப் பெண்களும் கேட்டு வாங்கியிருக்கிறார்கள். போன வாரம் மதியம் மற்றவர்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். மலைக்காற்று இறங்க, கொடி கொடியாக வெள்ளைத் துணிகள் எழும்பின. அக்கா சுற்றுமுற்றும் பார்த்தாள். சேலையைத் தூக்கிச் செருகினாள். ஐம்பத்தாறு வயதில், இரண்டு கைகளையும் விரித்துத் துணிகளைத் தொட்டபடியே வரிசை நெடுக ஓடினாள்.