பட்டியலில் எனக்கு மேலே

காலையில் காபியைக் கையில் எடுத்தபோது தொலைபேசி அடித்தது. நூர்ஜஹானின் மகள் ஷபானா. "ஆன்ட்டி, அம்மி போயிட்டாங்க. மதியம் தொழுகைக்கு அப்புறம் எடுக்கறாங்க" என்றாள். "வரேன்" என்று மட்டும் சொன்னேன். மயிலாப்பூரிலிருந்து ராயப்பேட்டைக்குப் போகும் ஆட்டோவில்தான் கண் கலங்கியது.

தேனாம்பேட்டை அலுவலகத்தில் எங்களோடு வேலை பார்த்த உங்களுக்கு, எங்கள் பெயரைக் கேட்டதும் வழக்குதான் நினைவுக்கு வரும். நூர்ஜஹானும் நானும் ஒரே தேர்வில் தேறியவர்கள். தேர்வுப் பட்டியலில் அவர் எனக்கு ஓரிடம் மேலே. ஆனால் தாயாரின் நோயால் அவகாசம் கேட்டு, எனக்குப் பிறகு பணியில் சேர்ந்தார். அலுவலகம், பணியில் சேர்ந்த தேதியைப் பார்த்து என்னை மூத்தவளாக்கியது. பிறகு கண்காணிப்பாளர் பதவியும் கொடுத்தது. இருந்தது ஒரே இடம். நூர்ஜஹான் நீதிமன்றம் போனார். அரசுத் தரப்பில் மூன்று அதிகாரிகள். நான் நாலாவது எதிர்மனுதாரர்.

அதை அவரே சாப்பாட்டு வேளையில் வந்து சொன்னார். "உன் வூட்டுக்கு கோர்ட் நோட்டீஸ் வரும். பயந்துக்காதே வசந்தா. கேஸு லிஸ்ட் மேல, உன் மேல இல்ல."

வந்த மனுவில் என்னைக் குறிப்பிட்ட இடமெல்லாம் 'ஃபோர்த்' என்ற ஆங்கிலச் சொல்லில் 'யு' என்ற எழுத்து விட்டுப்போயிருந்தது. கன்னியாஸ்திரீகளிடம் படித்த எனக்கு அது பொறுக்கவில்லை. சிவப்பு மையால் திருத்தி அவர் மேஜையில் வைத்தேன். "என் மேல கேஸ் போடு, வேண்டாங்கல. ஸ்பெல்லிங்கோட போடு."

நூர்ஜஹான் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "எதிராளிக்கே டீச்சர் வேலை பாக்குறா பாரு!" அன்றிலிருந்து அவருக்கு நான் வசந்தா இல்லை, 'யு'. "இன்னா யு, சாப்ட்டியா?"

விசாரணை நாட்களில் இருவரும் விடுப்பு எடுத்து ஒரே பஸ்ஸில் பாரிமுனை நீதிமன்றத்துக்குப் போவோம். போகும் வழியில் வழக்கைத் தவிர எல்லாம் பேசுவோம். அங்கே போனதும் அவரவர் வக்கீல் பக்கம் போய் நின்றுகொள்வோம்.

தேர்வில் பெற்ற இடமே பணிமூப்பு என்று தீர்ப்பு வந்தது. நான் பழைய இருக்கைக்கு இறங்க வேண்டும். கணவரை இழந்து ஓராண்டுகூட ஆகாத நேரம். அந்த நாற்காலிதான் என்னை நிமிர்த்தி வைத்திருந்தது. மறுநாள் காலை மேஜை இழுப்பறையை நான் காலி செய்துகொண்டிருந்தபோது, ஓர் உதவியாளர் எல்லோர் காதிலும் விழும்படி, "இன்னா மேடம், மூட்டை கட்டிக்கினு கீறீங்களா?" என்றார்.

பின்னாலேயே வந்த நூர்ஜஹான் அவரைத் திரும்பிப் பார்த்தார். "அவங்க எனக்கு வேலை சொல்லிக் குடுக்கறாங்க. நீ போய் உன் பைலைப் பாரு நைனா."

"நான் ஒண்ணும் சொல்லிக் குடுக்கல" என்று அப்போதே திருத்தினேன். பொய்யான உபகாரம் எனக்குப் பிடிக்காது. "தெரியும், கம்முனு இரு" என்றார் மெல்லிய குரலில். நான் எல்லாவற்றையும் எடுத்து முடிக்கும்வரை அவர் அந்த நாற்காலியில் உட்காரவில்லை.

ஓய்வு பெற்ற பிறகு தி. நகரில் ஓர் ஓட்டலில் அவ்வப்போது சந்திப்போம். ஒவ்வொரு முறையும் ஒரே கேள்வி.

"இப்பவாச்சும் ஒத்துக்கோ யு. நான்தானே சீனியர்?"

"தீர்ப்பு அப்படி சொல்றது."

"நீ இன்னா சொல்றே?"

"மொதல்ல சேர்ந்தது நான்."

"அப்பீல் போயேன்!" என்று சிரித்துவிட்டு எனக்கும் சேர்த்து இன்னொரு காபி சொல்வார்.

அடக்கம் முடிந்த மறுநாள் நம் ஓய்வூதியர் சங்கச் செயலாளர், உங்களுக்காக இந்த நினைவுக் குறிப்பை எழுதித் தரும்படி தொலைபேசியில் கேட்டார். சங்கத்தின் உறுப்பினர் பட்டியல் பணிமூப்பு வரிசையில் இருப்பது உங்களுக்குத் தெரியும். "நூர்ஜஹான் மேடம் பேரை எடுத்துட்டா, இனிமே நீங்கதான் மேடம் ஃபர்ஸ்ட்" என்றார். அவர் நல்லெண்ணத்தில்தான் சொன்னார்.

மேலே இருப்பவர் போனால் கீழே இருப்பவர் ஏறுவார். நம் வேலையின் விதி அது. இப்படி ஏறுவதற்காக நான் வழக்காடவில்லை. அவர் பெயரை இருந்த இடத்திலேயே விடச் சொல்லிவிட்டேன்.

முதலில் சேர்ந்தது நான்தான். இன்றும் எனக்கு அதில் சந்தேகமில்லை. ஆனாலும் அவர் வைத்த ஓரெழுத்துப் பெயரையும், அவருக்குக் கீழே உள்ள இரண்டாம் இடத்தையும் நான் வைத்துக்கொள்கிறேன். இனி அப்பீல் இல்லை.