டார்ச்சு அடித்த கயிறு

விக்கிரவாண்டியில் மல்லாட்டை என்கிற நிலக்கடலை குடோனில் மூட்டை தூக்குபவர் அவர். பட்டப்பகலிலும் இடுப்பில் டார்ச்சு செருகியிருப்பார். ஞாயிறானால் திண்டிவனத்துக்கு வேதாந்த வகுப்பு கேட்கப் போய்விடுவார். எனக்கு அந்தப் பேச்செல்லாம் ஆகாது.

ஒருநாள் கடலை வாங்க, சரக்குப் பார்க்க அந்தக் குடோனுக்குப் போனபோது கரண்ட் போய்விட்டது. இருட்டில், மூட்டைச் சந்தில், என் காலடியில் ஏதோ வழவழவென்று நெளிவதுபோல் இருந்தது.

“பாம்பு!” என்று அலறினேன்.

“ஆடாதீங்க சார். மொதல்ல என்னான்னு பாத்துடலாம்.”

மூச்சை அடக்கி நின்றேன். அவர் மெல்ல வந்து டார்ச்சை அடித்தார். நைலான் கயிறு!

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. வெளிச்சத்தை என் முழங்கால் பக்கம் திருப்பினார்.

“கயிறுன்னு தெரிஞ்சுபோச்சு. அப்புறம் ஏன் கால் நடுங்கிக்கினு இருக்குது? தெரிஞ்சது உங்களுக்கா, டார்ச்சுக்கா?”

நான் அந்தக் கயிற்றைத் தாண்டாமல், சுற்றிக்கொண்டுதான் வெளியே வந்தேன்.