கேசட்டில் இல்லாத மாமா

கல்யாண வீட்டுப் பந்தலில் ஒரு வாடகை டிவி, பக்கத்தில் வீடியோ கேசட் போடும் டெக். குமாரபாளையத்தில் அந்நாளில் விசேஷம் என்றால் இரண்டும் வந்தாக வேண்டும். அன்று ஓடியது ஒரு சண்டைப் படம், என் தாய்மாமா தேடிப் பிடித்து வாங்கி வந்த கேசட். அதன் துரத்தல் காட்சியில் ஒரு லாரியை ஓட்டியவர் அவர்தான். படப்பிடிப்புக்கு வண்டியோடு போனதில் ஏற்ற வேண்டிய லோடு தவறிவிட்டது. சினிமாவுக்கு ஓட்டப் போனேன் என்று அவர் சொன்னதைத் தாத்தா நம்பவில்லை; ஊர் சுற்றிவிட்டு வந்து மகன் கதை அளக்கிறான் என்றே இருந்தார். தியேட்டர் பக்கம் தலைவைத்துப் படுக்காத மனிதர். தன் அய்யனைத்தான் மாமா அன்று முன்னால் உட்கார வைத்தார்.

காட்சி வந்தது. திரை முழுக்கக் கதாநாயகனின் மூஞ்சி. லாரியும் இல்லை, மாமாவும் இல்லை. "தியேட்டர்ல நானே பாத்தேனுங்க, இந்தப் பக்கமா வருவேனுங்க" என்று மாமா தவித்தார். பந்தலே சிரித்தது. "பொய்யச் சொல்றதுக்கும் ஒரு அளவு வேணும்டா" என்று தாத்தா துண்டை உதறிக்கொண்டு எழுந்து போனார். சாகும்வரை மாமாவின் பேச்சு அவரிடம் எடுபடவே இல்லை.

எனக்கு இப்போதும் வயிறு எரிகிறது. அகலமாக எடுத்த படத்தைச் சதுர டிவிக்குள் திணிக்க, எவனோ இரண்டு ஓரத்தையும் நறுக்கி எறிந்திருக்கிறான். ஓரத்தில் நிற்பவன் மனிதன் இல்லையா? கொடுமை என்னவென்றால், மேலும் கீழும் கறுப்புப் பட்டையோடு முழுப்படம் வந்தால், அதைத்தான் "வெட்டின பிரிண்டு" என்று கடையில் திருப்பிக் கொடுத்துச் சண்டை போடுவோம். நாங்களும் லேசுப்பட்டவர்கள் இல்லை.

போன மாதம் அதே படம் அகலத்திரை டிவிடியாகக் கிடைத்தது. மாமா வீட்டிலேயே போட்டேன். "என்னங்க இது, பாதி டிவி கறுப்பா இருக்குது" என்று என் மகன் ரிமோட்டை அமுக்கிப் படத்தைப் பெரிதாக்கினான். மறுபடியும் ஓரம் போயிற்று! நான் போட்ட சத்தத்தில் அத்தை அடுப்படியிலிருந்து ஓடி வந்தார். பழையபடி வைக்கச் சொன்னேன். இதோ, கதாநாயகனுக்கு இடப்பக்கம் லாரி. ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டிச் சிரிக்கிறார் மாமா.

இப்போது கிழவராகிவிட்ட மாமா எழுந்து டிவிக்குக் கிட்டே போய் நின்றார். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன்.

"படம் எடுத்தவங்க தலைய நீட்டாதேன்னுதாஞ் சொன்னாங்க சாமி. எங்கய்யன் பாக்கோணும்னுதான் நீட்டுனேன்" என்றார்.