ஒரே ஒரு மருந்து

என் அக்கா வீட்டுக்காரருக்குச் சிதம்பரத்தில் இரும்புக் கடை. காய்ச்சல் வந்தால் டாக்டரிடம் போகும் வழக்கமே மாமாவுக்குக் கிடையாது. மெடிக்கலில் ஆன்டிபயாட்டிக் கேட்டு வாங்கிப் போடுவார். உடம்பு லேசானதும் மிச்ச மாத்திரை அடுத்த காய்ச்சலுக்கென்று கல்லாப்பெட்டிக்குள் போய்விடும்.

போன மழைக்காலத்தில் நீர்க்கடுப்போடு குளிர்காய்ச்சல் வந்தது. கல்லாவில் கிடந்ததைப் போட்டார், கேட்கவில்லை. பக்கத்து கிளினிக்கில் ஊசி போட்டும் கேட்கவில்லை. அக்கா போன் செய்தாள். "ஒளர்றாருடா. காரை எடுத்துக்கிட்டு வா."

கடலூருக்குக் கூட்டிவந்து எங்கள் வீட்டருகே ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். கிருமி ரத்தத்தில் கலந்துவிட்டது என்றார்கள். அது எந்த மருந்துக்கு அடங்கும் என்று பார்க்கச் சோதனைக்கு அனுப்பினார்கள். முடிவு வந்ததும் டாக்டரம்மா எங்களைத் தனியே அழைத்தார்.

"வழக்கமா குடுக்கிற மருந்து எதுக்குமே இந்தக் கிருமி சாகல. பாதி பாதியா சாப்பிட்டு விட்டா அதுக்குப் பழகிடும். ஒரே ஒரு மருந்துதான் கேக்கும்னு வந்திருக்கு. ட்ரிப்ஸ்ல ஏத்துறோம்."

"அதுக்கும் கேக்கலன்னா?" என்றாள் அக்கா.

"பாப்போம்மா" என்று மட்டும் சொன்னார்.

அன்று முழுக்கக் காய்ச்சல் இறங்கவில்லை. நான் வராந்தாவில் நடந்துகொண்டிருந்தேன். பெரிய ஆஸ்பத்திரிதான் வேண்டுமென்றால் சென்னைக்குக் கொண்டுபோகலாம். மருந்தே இல்லையென்றால் எந்த ஊருக்குப் போவது?

மறுநாள் மத்தியானம் அக்கா உள்ளேயிருந்து கத்தினாள். "இங்க வா, தொட்டுப் பாரு!" மாமாவின் சட்டை வியர்வையில் தொப்பலாக நனைந்திருந்தது. நர்ஸ் வந்து பார்த்துவிட்டு, "காய்ச்சல் எறங்கிடுச்சு" என்றார். மாமா கண்ணைத் திறந்தார். "பசிக்குது மச்சான். ஆஸ்பத்திரிக் கஞ்சி வேணாம், மீன் கொழம்பு கெடைக்குமா?"

அக்கா திட்டத்தான் வாயைத் திறந்தாள். அழுகை வந்துவிட்டது.

சில நாள் வைத்துப் பார்த்துவிட்டு, மிச்ச ஊசிகளைச் சிதம்பரத்திலேயே போட்டுக்கொள்ளலாம் என்று வீட்டுக்கு அனுப்பினார்கள். "நல்லாத்தானே இருக்கேன், இதோட போதாதா?" என்றார் மாமா.

"ஒண்ணு விடாம போட்டுக்குவாரு டாக்டர். நான் கூட்டிட்டுப் போறேன்" என்று அக்கா முந்திக்கொண்டாள். சொன்னபடியே தினமும் கடையைப் பூட்டி, அவரை ஸ்கூட்டியில் பின்னால் உட்காரவைத்துக் கூட்டிப்போனாள்.

கடைசி ஊசியும் ஆன பிறகு மாமாவே கூப்பிட்டார். "முடிஞ்சிது மச்சான். டெஸ்ட்டுலயும் ஒண்ணுமில்லன்னுட்டாங்க."

மறுநாள் காலையில்தான் காரைக் கழுவினேன். அவர் போர்த்திவந்த போர்வை பின்சீட்டில் அப்படியே கிடந்தது. துவைத்து மொட்டைமாடியில் காயப்போட்டேன். மழை விட்டு, நல்ல வெயில்.