மயிலிட்டியில் ஒரு றக்பிக் கழகமும் இரண்டு விதிகளும்

போன மாசியில் ஒரு சனிக்கிழமை மன்னாரிலிருந்து நானும் என் வீட்டுக்காரரும் மயிலிட்டிக்குப் போனோம். காரணம் என் சாப்பாட்டுக் கடைதான். கிணறு துளைக்கிற வேலையாக மன்னாருக்கு வரும்போதெல்லாம் ரொபர்ட் என்ற ஸ்கொட்லாந்துக்காரர் என் கடையில்தான் சாப்பிடுவார். எங்கள் தமிழே பேசுவார். உறைப்பில் கண்ணீர் விட்டுக்கொண்டே நண்டுக் குழம்பு இரண்டாம் தரம் கேட்கிற மனிதர். "அக்கா, நான் ஊருக்குப் போகப்போறன். அதுக்கு முதல் எங்கடை றக்பியை வந்து பாருங்கோ" என்றார். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள் நான். றக்பியைக் கண்டேனா?

காலை ஆறு மணி பஸ். பூநகரி வழியாக யாழ்ப்பாணத்துக்கு மூன்று மணி நேரம். சன்னல் சீட் தனக்குத்தான் என்று சண்டை பிடித்த என் வீட்டுக்காரர், சங்குப்பிட்டிப் பாலம் வரும்போது வாயைத் திறந்தபடி நித்திரை. இரண்டு பக்கமும் தகடு விரித்தது போலக் கடல் கிடந்ததை நான்தான் அவரைத் தாண்டி எட்டிப் பார்த்தேன். நீங்கள் போனால் நித்திரை கொள்ளாத ஆளைச் சன்னல் பக்கம் இருத்துங்கள்.

யாழ்ப்பாணத்திலிருந்து காங்கேசன்துறைக்கு இன்னொரு பஸ், பதினெட்டுக் கிலோமீற்றர். அங்கிருந்து மயிலிட்டிக்கு ஓட்டோக்காரர் எழுநூறு கேட்டார். "தம்பி, மயிலிட்டியை வாங்க வரேல்லை, பாக்கத்தான் வந்தனாங்கள்" என்றேன். சிரித்துக்கொண்டு ஐந்நூறுக்கு இறங்கினார்.

மைதானம் துறைமுகத்துக்குக் கொஞ்சம் தள்ளி. பாதி மணல், பாதி அறுகம்புல். இரண்டு முனையிலும் உயரமான ஏணியில் ஒரு படியை மட்டும் விட்டுவிட்டு மற்றதையெல்லாம் கழற்றியது போலக் கம்பங்கள். கிணற்றுக் குழாயில் ரொபர்ட்டே செய்தவை.

கழகத்தின் கதையை அவரே சொன்னார். சண்டை முடிந்தபிறகு வடக்குக்கு வேலைக்கு வந்த வெளிநாட்டுக்காரர்கள் தொடங்கியது. கண்ணிவெடி எடுக்க வந்தவர், வீடு கட்ட வந்தவர், இங்கிலிஷ் படிப்பிக்க வந்தவர் எல்லோருக்கும் சனிக்கிழமை பின்னேரமானால் வீட்டு நினைப்பு வந்துவிடுமாம். விதி இரண்டுதான். பிறந்த இடத்தை விட்டு வந்து வாழ்கிறவர்கள்தான் அங்கத்தவர். கடைசி அங்கத்தவர் போகும்போது கம்பங்களைக் கழற்றிவிட்டுப் போக வேண்டும்.

இருபத்தேழு வருஷம் ஆமி பூட்டி வைத்திருந்த மயிலிட்டியைத் திறந்து சனத்தைத் திரும்ப விட்டபிறகு விளையாட்டும் இங்கே வந்தது. அதற்குள் வேலைத்திட்டங்கள் முடிந்து ஆட்கள் ஒவ்வொருவராகக் கிளம்பிவிட்டார்கள். ஆள் காணாமல் மீன்பிடிக்காரரை விருந்தினராகச் சேர்த்தார்கள். இந்த விளையாட்டில் இரண்டு பக்கமும் எட்டு எட்டுப் பேராகத் தோள் கோர்த்து, குனிந்து, எதிர்ப் பக்கத்தைத் தள்ள வேண்டும். வலை இழுத்துப் பழகிய எங்கள் ஆட்கள் முதல் நாளே எதிர்ப் பக்கத்தைப் பிடித்து இழுத்துவிட்டார்கள்! கொழும்பிலிருந்து வந்த வெள்ளைக்காரர் எட்டுப் பேரும் மேலே வந்து விழ, கீழே கிடந்த யூட் என்ற படகுக்காரர், வலை நிறைய மீன் பட்டதுபோல, "நல்ல பாடு, இழுங்கோடா!" என்று கத்தினாராம்.

இப்போது அவர்கள் தள்ளுவதைப் பார்க்க வேண்டும். அன்று பின்னேரம் இரண்டாகப் பிரிந்து விளையாடினார்கள். வெறுங்கால், மணல் பறக்கிறது, பதினாறு முதுகும் ஒரே முதுகாக அசைகிறது. விழுந்தவனைத் தூக்கிவிட்டபிறகுதான் விழுத்தியவன் சிரிக்கிறான். நான் எழுந்து நின்று கை தட்டினேன். எவருக்கு என்று எனக்கே தெரியாது.

முடிந்ததும் ரொபர்ட் ஸ்பனரோடு, கம்பத்தில் சாத்திய ஏணியில் ஏறினார்.

"கழட்டாதையுங்கோ அண்ணை" என்றார் யூட்.

"அடுத்த கிழமை நான் போனால் அங்கத்தவர் ஆர் இருக்கினம்? சொன்ன சொல்லைக் காப்பாத்த வேணும்" என்று முதல் ஆணியைத் திருகினார் ரொபர்ட்.

யாழ்ப்பாணத்திலிருந்து விளையாட வரும் இரும்புக் கடைக்காரர் நியாஸ் ஏணியைப் பிடித்துக்கொண்டார். "பொறுங்கோ. நான் பிறந்தது புத்தளத்திலை, அகதி முகாமிலை. இருக்கிறது யாழ்ப்பாணத்திலை. அப்ப நான் ஆர்?"

ஸ்பனர் நின்றது.

"நான் மல்லாகத்து முகாம்" என்றார் யூட். "மயிலிட்டியை முதல் கண்டது இருபத்தஞ்சு வயசிலை."

"நான் மண்டபம் முகாம்." "நான் பருத்தித்துறையிலை, ஆரோ ஒருத்தரின்ரை வீட்டு விறாந்தையிலை." ஒவ்வொருவராகச் சொன்னார்கள். அந்த ஊர்ப் பெடியள் ஒருவர்கூட அந்த ஊரில் பிறக்கவில்லை.

ரொபர்ட் மெதுவாக இறங்கினார். "இவ்வளவு நாளும் உங்களையோ நான் விருந்தினர் எண்டனான்?"

"அது கிடக்கட்டும். ஸ்பனரைத் தாங்கோ. ஆணியை லூசாக்கிப் போட்டியள்" என்று யூட் ஏணியில் ஏறினார்.

அப்போது பின்னாலிருந்து என் வீட்டுக்காரர், "நான் பிறந்தது நெடுந்தீவு" என்றார். யூட் மேலேயிருந்து அவர் வயிற்றைப் பார்த்தார். "வாங்கோ அண்ணை. உங்களை நடுவிலை விட்டால் ஒருத்தனும் தள்ளேலாது." ஆணி இறுகியதும் அவரையும் நடுவில் விட்டு இன்னொரு தரம் தள்ளினார்கள்.

போகிறவர்களுக்கு: விளையாட்டு சனிக்கிழமை நாலு மணிக்கு. நிழல் இல்லை, தொப்பியும் தண்ணீரும் வேண்டும். திரும்பும் பஸ் நேரத்தை வந்து இறங்கும்போதே கேளுங்கள். நாங்கள் யாழ்ப்பாணத்தில் தங்கி, மறுநாள் கீரிமலைக் கேணியில் முழுகினோம். புது அங்கத்தவருக்கு உடம்பெல்லாம் நோ.

சேர விருப்பமானால் பிறந்த இடத்தை மட்டும் கேட்பார்கள். என்னைப் போலப் பிறந்த ஊரிலேயே வாழக் கிடைத்தவர்கள் விருந்தினராகக் கோட்டுக்கு வெளியே நின்று கத்தலாம்.